கோட்டைக்குள் ஒரு ராஜா: மனோன்மணீயம் படித்த குறிப்புகள்

ஜூலையில் தென்காசிக்கு வந்தால் வேலை ஓடாது. வீட்டிலிருந்தே வேலை பார்க்கலாம் என்று மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுவேன். மேற்கே மலையில் மேகம் இறங்கி, சாரல் முகத்தில் அடிக்க ஆரம்பித்தால் மீட்டிங்கில் யார் என்ன பேசுகிறார்கள் என்றே காதில் விழாது. இந்த வருஷமும் அப்படித்தான். ராத்திரி கரண்ட் போய், போனில் இருந்த சார்ஜை வைத்துக்கொண்டு சம்பந்தமில்லாத ஒன்றைப் படித்துக்கொண்டிருந்தேன்: 1950, 60-களின் மேற்கு ஜெர்மன் தொலைக்காட்சி நாடகங்கள்.

அந்தக் காலத்து ஜெர்மன் டிவி நாடகம் என்றால் பெரும்பாலும் ஸ்டுடியோவுக்குள் இரண்டு மூன்று அறை, நாலைந்து நடிகர்கள், நிறையப் பேச்சு. மேடை நாடகத்தையும் ரேடியோ நாடகத்தையும் எடுத்து அப்படியே கேமரா முன்னால் வைத்தார்கள். வெளிப்புறக் காட்சிக்குக் காசும் வசதியும் குறைவு. ஆனால் அந்தக் குறையே அதிகாரம் பற்றிய கதைகளுக்குத் தோதாக அமைந்துவிட்டது. அதிகாரம் எப்போதும் ஒரு மூடிய அறைக்குள்தானே நடக்கிறது!

அதில் என்னை உட்கார வைத்தது ஹைனார் கிப்ஹார்ட் எழுதி 1964 ஜனவரியில் ஒளிபரப்பான ஓப்பன்ஹைமர் நாடகம். அணுகுண்டைச் செய்து கொடுத்த விஞ்ஞானியின் மேல் 1954-ல் அமெரிக்கா நடத்திய விசாரணையின் பதிவுகளை வைத்து எழுதியது. மூன்று பேர் கொண்ட குழு, ஒரு அறை, நாலு வாரம். கடைசியில் ரெண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் அவருக்கு எதிராக முடிவு. ஜெயில் கிடையாது, அபராதம் கிடையாது. ரகசியக் கோப்புகளைப் பார்க்கும் அனுமதியை எடுத்துவிட்டார்கள், அவ்வளவுதான். எங்கள் தொழில் பாஷையில் சொன்னால் அவருடைய ‘ஆக்ஸஸை’ ரத்து செய்தார்கள். மனுஷன் வீட்டில் இருந்தார், ஆராய்ச்சி நிறுவனத்தின் தலைவராகவும் இருந்தார். ஆனால் அதற்கு முந்தைய பத்து வருஷம் அவர் எந்த மேஜையில் உட்கார்ந்து பேசினாரோ அந்த மேஜை இனி அவருக்கு இல்லை. (நாடகம் வந்ததும் ஓப்பன்ஹைமருக்கே அது பிடிக்கவில்லை, எதிர்ப்புத் தெரிவித்தார் என்பது தனிக்கதை.)

இதைப் படித்துக்கொண்டிருந்தபோதுதான் ஒரு சந்தேகம். தமிழில் இப்படி ஒரு நாடகம் உண்டா? வாள் வீச்சும் வசனமும் உள்ள ராஜா நாடகம் நிறைய இருக்கிறது. அதைக் கேட்கவில்லை. அதிகாரத்தில் இருக்கிற ஒருத்தன் எப்படித் தனியாகிப் போகிறான் என்பதையே விஷயமாக வைத்து எழுதியது.

மறுநாள் எனக்குப் பள்ளிக்கூடத்தில் தமிழ் எடுத்த ஐயாவைப் பார்க்கப் போயிருந்தேன். எண்பதைத் தாண்டிவிட்டார். கேட்டேன். சிரித்துவிட்டார்.

“என்னடே, பி.இ. சர்டிபிகேட்ட எடுத்துப் பாத்திருக்கியா?”

“பாத்திருக்கேன் ஐயா.”

“அதுல யாரு பேரு போட்டிருக்கு?”

எனக்கு ஒரு நிமிஷம் ஆனது. நான் படித்த காலத்தில் நம்ம பக்கத்து இன்ஜினியரிங் கல்லூரிகள் எல்லாம் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் கீழ்தான் இருந்தன. அண்ணா பல்கலைக்கழகத்துக்கு மாறியது அதற்கப்புறம். ஒவ்வொரு செமஸ்டர் மார்க் ஷீட்டிலும் அந்தப் பெயர் இருந்தது. அந்த நாடகத்தில் நான் படித்தது ஒரே ஒரு பக்கம். அந்த ஒரு பக்கத்தைத் தமிழ்நாட்டில் எல்லாருமே படித்திருக்கிறோம், காலையில் வரிசையில் நின்று பாடியும் இருக்கிறோம். தமிழ்த்தாய் வாழ்த்து அந்த நூலின் கடவுள் வாழ்த்துப் பகுதியில் இருந்து எடுத்தது. 1970-ல் அரசு விழாக்களில் பாட வேண்டும் என்று ஆணை வந்தது, 2021 டிசம்பரில் மாநிலப் பாடல் என்று அறிவித்தார்கள். வாசலில் கட்டின தோரணத்துக்கு அவ்வளவு மரியாதை கொடுத்துவிட்டு வீட்டுக்குள் போகாமலே திரும்பி வந்துவிட்ட மாதிரி இருந்தது எனக்கு.

வீட்டுக்கு வந்து மதுரைத் திட்டத்தில் இருந்த பிரதியை இறக்கி மூன்று ராத்திரி படித்தேன். முதல் ராத்திரி கஷ்டம்தான். பெரும்பாலும் ஆசிரியப்பா. கண்ணால் ஓட்டினால் கல்லு மாதிரி இருக்கும். வாய்விட்டுப் படித்தால் பேச்சு மாதிரி ஓட ஆரம்பிக்கிறது. நாடகத்தின் பெயரைப் பார்த்துக் காதல் கதை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். காதல் இருக்கிறது. ஆனால் நான் தேடிய நாடகம் அதற்குள்ளேயே இருந்தது.

எழுதியவர் பெ. சுந்தரம் பிள்ளை. 1855-ல் ஆலப்புழையில் பிறந்தவர். கொஞ்ச காலம் திருநெல்வேலியில் ஆசிரியராக இருந்தார். பிறகு திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில் தத்துவப் பேராசிரியர். 1891-ல் நூல் வெளியானது. அப்போது அவருக்கு வயது 36. 1897-ல் இறந்தபோது 42. இப்போது என்னை விடச் சின்னப் பையன்! நாடகத்தைத் தன் ஆசிரியர் ஹார்விக்குக் காணிக்கை ஆக்கினார், திருவனந்தபுரத்தில் தன் வீட்டுக்கும் ஹார்விபுரம் என்றே பெயர் வைத்தார். மேடைக்காக எழுதவில்லை, படிப்பதற்காக எழுதிய நாடகம். 5 அங்கம், 20 களம். மூலக்கதை லிட்டன் பிரபு என்ற ஆங்கிலேயர் 1866-ல் வெளியிட்ட தொகுப்பில் இருந்த ‘ரகசிய வழி’ என்ற கதைப்பாட்டு. ஒருவரை ஒருவர் பார்க்காமலே கனவில் கண்டு காதலிக்கும் பழைய கிரேக்கக் கதை ஒன்று அதற்கும் அடியில் இருக்கிறது. அது வேறு ஆராய்ச்சி, இப்போது வேண்டாம்.

கதை இதுதான். பாண்டிய ராஜா ஜீவகன். நல்லவன், பட்டென்று உணர்ச்சிவசப்படுகிறவன், நம்பினால் முழுசாக நம்புகிறவன். அவனுடைய மந்திரி குடிலன். மதுரையில் இருந்தால் தன் எண்ணம் நடக்காது என்று குடிலனுக்குத் தெரியும். பழைய ஊர், பழைய மனிதர்கள், ராஜாவிடம் நேராகப் போய்ப் பேசக்கூடியவர்கள் ஆயிரம் பேர். அதனால் தலைநகரத்தையே மாற்ற வைக்கிறான். திருநெல்வேலியில் பிரமாதமாக ஒரு கோட்டை கட்டி ராஜாவை அதற்குள் குடியேற்றுகிறான். காரணம் என்ன சொல்லியிருப்பான்? பாதுகாப்பு!

இந்த இடத்தில் புத்தகத்தைக் கீழே வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் மழையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஏனென்றால் நாடகத்தில் ராஜாவைப் பிடித்துக் கட்டிப்போடுகிற காட்சியே கிடையாது. ஜீவகனுடைய கிரீடம் கடைசி வரை அவன் தலையில்தான் இருக்கிறது. உத்தரவு போடுகிறவன் அவன்தான், தண்டனை கொடுக்கிறவன் அவன்தான். எங்கள் பாஷையில் அவனிடம் ‘ரூட்’ அனுமதி இருக்கிறது, எதை வேண்டுமானாலும் மாற்றலாம், அழிக்கலாம். ஆனால் அவன் திரையில் என்ன தெரிய வேண்டும் என்பதைக் குடிலன் முடிவு செய்கிறான். ஓப்பன்ஹைமரிடம் இருந்து அனுமதியைப் பிடுங்கித் தனிமைப்படுத்தினார்கள். ஜீவகனுக்கு எல்லா அனுமதியையும் விட்டுவைத்துவிட்டு, செய்தி வரும் வழியை மட்டும் ஒன்றாக ஆக்கிவிட்டார்கள். ரெண்டாவதுதான் பயங்கரம். அதில் மாட்டியவனுக்குத் தான் மாட்டியிருப்பதே தெரியாது.

குடிலன் எப்படி இதைச் செய்கிறான் என்பதைச் சுந்தரம் பிள்ளை நிதானமாகக் காட்டுகிறார். எனக்கு மிகவும் பிடித்த இடம் தூது விஷயம். ராஜாவின் குலகுரு சுந்தரமுனிவர். ராஜகுமாரி மனோன்மணியைச் சேரநாட்டு ராஜா புருஷோத்தமனுக்குக் கட்டிக்கொடுக்கலாம், நடராசனைத் தூது அனுப்பு என்கிறார். நேர்மையான யோசனை, நேர்மையான ஆள். ராஜாவும் சரி என்கிறான். அப்புறம் குடிலனிடம் ஒரு வார்த்தை கேட்கிறான்.

குடிலன் வேண்டாம் என்று சொல்வதே இல்லை. ரொம்பச் சரியான யோசனை என்று ஆரம்பிக்கிறான். ஆனால் பெண் வீட்டார் நாமே வலியப் போய்க் கேட்டால் கௌரவம் என்ன ஆகும்? நாஞ்சில் நாடு யாருக்கு என்று ஒரு பழைய தகராறு இருக்கிறதே, அதைப் பேசுகிற மாதிரி தூது அனுப்புவோம், பேச்சோடு பேச்சாகக் கல்யாணத்தையும் எடுக்கலாம் என்கிறான். தூதனாக யார் போவது? குடிலனுடைய மகன் பலதேவன். பலதேவன் போய்ச் சேர ராஜாவிடம் திமிராகப் பேசுகிறான். கல்யாணம் பேசப் போனது சண்டையில் முடிகிறது. சேரன் படையோடு கிளம்புகிறான்.

கவனித்தீர்களா? குருவின் யோசனையை மறுக்காமல், அதன் வடிவத்தை மட்டும் மாற்றி, ஆளை மட்டும் மாற்றி, விளைவைத் தலைகீழாக்கிவிட்டான். ராஜாவைக் கேட்டால் குரு சொன்னதைத்தானே செய்தேன் என்பான். முழுக்கப் பொய் என்றும் சொல்ல முடியாது.

இதில் ஒரு சொந்தக் கதையும் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் நான் ஏதோ முனிவர் கட்சி மாதிரி ஆகிவிடும். பத்துப் பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பெரிய புராஜெக்டில் இருந்தேன். கம்பெனி பெயர் வேண்டாம். வாரா வாரம் மேலிடத்துக்கு ஒரு அறிக்கை போகும். ஒவ்வொரு வேலைக்கும் பக்கத்தில் பச்சை, மஞ்சள், சிவப்பு என்று ஒரு வட்டம். எனக்கு மேலே இருந்தவர் ஒரு நாள், மஞ்சளை இந்த வாரம் பச்சையாகப் போடு, அடுத்த வாரம் சரியாகிவிடும், பெரியவரை எதற்கு டென்ஷன் ஆக்கணும் என்றார். போட்டேன். அடுத்த வாரமும் போட்டேன். ஐந்து மாதம் போட்டேன். அந்தப் ‘பெரியவர்’ நல்ல மனிதர். வாடிக்கையாளர் முன்னால் உட்கார்ந்து எல்லாம் பச்சை என்று சொல்லிக்கொண்டிருந்தபோதே அங்கே சர்வர் படுத்துக் கிடந்தது. அவருக்கு வேலை போனது. எனக்குப் போகவில்லை. மனோன்மணீயம் படிக்கும்போது குடிலன் வருகிற இடத்தில் கோபம் வந்தது, பலதேவன் வருகிற இடத்தில் கூசியது.

சரி, நாடகத்துக்கு வருவோம். போர் நடக்கிறது, பாண்டியன் பக்கம் தோற்கிறது. அதிலும் குடிலன் கை இருக்கிறது. ராஜா நொந்துபோய் உயிரை விட இருந்த நேரத்தில் வந்து காப்பாற்றுவது நாராயணன். மனசில் பட்டதை அப்படியே பேசுகிற விசுவாசி. ஆனால் அவன் நிற்க வேண்டிய இடம் கோட்டைக் காவல். காவலை விட்டுவிட்டு ராஜாவைக் காப்பாற்ற ஓடி வந்திருக்கிறான். குடிலன் இதைப் பிடித்துக்கொள்கிறான். கடமை இடத்தை விட்டு ஓடினவன், தோல்விக்கு இவன்தான் காரணம் என்று கதையைத் திருப்புகிறான். ராஜா நம்பி, தன் உயிரைக் காப்பாற்றினவனுக்கே தண்டனை விதிக்கிறான்.

குடிலன் இல்லாததைச் சொல்லவில்லை. நாராயணன் காவலை விட்டு வந்தது உண்மை. ஏன் வந்தான் என்பதை மட்டும் நறுக்கி எடுத்துவிட்டுக் கொடுக்கிறான். சரிபார்க்க ராஜாவுக்கு வேறு ஆள் கிடையாது, ஏனென்றால் வேறு ஆள்தான் இப்போது குற்றவாளி. மாற்று வழியாகச் செய்தி கொண்டுவரக்கூடிய கடைசி ஆளை ராஜாவின் கையாலேயே நீக்க வைக்கிறான்.

இதற்கு நடுவில் சேரன் சமாதானத்துக்கு ஒரு வழி சொல்லி அனுப்புகிறான். தாமிரபரணியில் ஒரு குடம் தண்ணீர், ஒரு வேப்பந்தார். அதைக் கொடுத்துவிடு, போரை நிறுத்திவிடுகிறேன். வேம்பு பாண்டியர் மாலை, தாமிரபரணி பாண்டியர் ஆறு. அடையாளம்தான். (நம்ம சிற்றாறு சீவலப்பேரிக்குப் பக்கத்தில், திருநெல்வேலியைத் தாண்டித்தான் தாமிரபரணியில் சேருகிறது. அதனால் அந்தக் குடத்தில் குற்றாலத் தண்ணீர் கலந்திருக்க வாய்ப்பில்லை என்று ஒரு அல்ப திருப்தி எனக்கு.) ஜீவகன் மறுக்கிறான். மானம். அந்த மறுப்பில் ஒரு கம்பீரம் இருக்கிறது, இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் யோசித்துப் பாருங்கள், அந்த நேரத்தில் அவன் சொந்தமாக எடுக்கிற ஒரே முடிவு அதுதான். மற்ற எல்லாமே வேறு ஒருத்தன் எடுத்து இவன் வாயில் வைத்தது. அதிகாரம் முழுக்கக் கரைந்து போனவனுக்கு மானம் மட்டும் மிச்சம் இருக்கிறது.

இப்போது சுரங்கம். லிட்டனின் ‘ரகசிய வழி’ இதுதான். கோட்டையைப் பார்க்க வந்த முனிவர் ஆரம்பத்திலேயே, அரண்மனையில் ஒரு அறையைத் தன் பூசைக்கென்று கேட்டு வாங்கிக்கொள்கிறார். குடிலனுக்கு அது கிழவரின் கிறுக்குத்தனமாகப் படுகிறது. முனிவரோ ஊருக்கு வெளியே இருக்கும் தன் ஆசிரமத்தில் இருந்து அந்த அறைக்குப் பூமிக்கடியில் வழி தோண்டுகிறார். ஆபத்து வந்தால் ராஜ குடும்பத்தை வெளியே கொண்டுபோக. நம்ம பக்கம் எந்தப் பழைய கோயிலுக்குப் போனாலும் இங்கேயிருந்து மதுரைக்குச் சுரங்கம் போகுது என்று ஒருத்தர் சொல்வாரே, அந்த மாதிரி.

முனிவர் மேல் எனக்கு ஒரு குறை உண்டு. சீஷனிடம் நேராக உட்கார்ந்து, உன் மந்திரி திருடன் என்று உடைத்துச் சொல்லியிருக்கலாம். கோட்டைகள் நிலைக்காது என்று பொதுவாகத்தான் எச்சரிக்கிறார். அது ராஜா காதில் வேதாந்தமாக விழுகிறது. அப்புறம் அவரும் ரகசியமாக ஒரு வேலையில் இறங்கிவிடுகிறார். எங்கள் தொழிலில் இதற்குப் ‘பின்வாசல்’ என்று பெயர். நல்ல எண்ணத்தோடு, அவசரத்துக்கு ஆகும் என்று ஒருத்தர் வைத்துவிட்டுப் போவார். எங்கேயும் எழுதி வைக்க மாட்டார். அதை முதலில் கண்டுபிடிப்பவன் எப்போதுமே தப்பான ஆள்.

இங்கேயும் அதேதான். குடிலன் மோப்பம் பிடித்துச் சுரங்கத்தைக் கண்டுபிடிக்கிறான். அதே வழியாக எதிரியிடம் போகிறான். உன்னைக் கோட்டைக்குள் கூட்டிக்கொண்டு போகிறேன், எனக்கு என்ன தருவாய் என்று பேரம். புருஷோத்தமன் வித்தியாசமான எதிரி. இவனைப் பார்த்ததும் அருவருப்பு வந்து, விலங்கு போட்டு, வழிகாட்டியாக முன்னால் நடக்க விடுகிறான். மேலே கோட்டைக்குள் அந்த நடுராத்திரியில் இன்னொன்று நடந்துகொண்டிருக்கிறது. மகளைச் சுரங்கம் வழியாகப் பத்திரமாக அனுப்பச் சொல்கிறார் முனிவர். அனுப்புவதற்கு முன் பலதேவனுக்குக் கட்டிக்கொடுத்துவிட வேண்டும் என்று ராஜாவை நம்ப வைத்திருக்கிறான் குடிலன். மணவறையில் மனோன்மணி நிற்கிறாள். சுரங்கத்தில் இருந்து புருஷோத்தமன் வெளியே வருகிறான். கனவில் கண்ட ஆளை நேரில் கண்டதும் மாலை அவன் கழுத்துக்குப் போகிறது. விலங்கோடு நிற்கும் குடிலனை ராஜா அப்போதுதான் முதல் தடவை உண்மையாகப் பார்க்கிறான்.

கோட்டைக்குள் உண்மை நுழைய இருந்த ஒரே வழி எதிரி வந்த வழிதான். வாசல் வழியாக வந்த எதுவும் ஜீவகனிடம் முழுசாகப் போய்ச் சேரவில்லை.

இதை எழுதினவர் கற்பனையில் மட்டும் மிதந்தவர் இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். சுந்தரம் பிள்ளை கல்வெட்டு ஆராய்ச்சிக்காரர். வேணாட்டு அரசர்களின் காலத்தைக் கல்வெட்டுகளை வைத்து நிர்ணயம் செய்து எழுதியிருக்கிறார். பாண்டியனுக்கும் சேரநாட்டுக்கும் நடுவில் நாஞ்சில் நாடு இழுபறியாகக் கிடந்தது அவருக்கு ஏட்டுச் செய்தியாக மட்டும் இருந்திருக்காது. அவர் பிறந்ததும் வேலை பார்த்ததும் மலைக்கு அந்தப் பக்கம், எழுதியது இந்தப் பக்கத்து பாஷையில். தென்காசிக்காரனுக்கு இது இன்னும் நன்றாகப் புரியும். பக்கத்தில் செங்கோட்டை 1956 நவம்பர் வரை திருவிதாங்கூர்ப் பக்கம்தான் இருந்தது. என் ஆச்சி செங்கோட்டைக்குப் போவதை மலையாளத்துக்குப் போறேன் என்றுதான் சொல்வாள். முனிவருக்கு அவர் வைத்த பெயரும் இந்தப் பக்கத்துப் பெயர்தான். தாமிரபரணிக் கரையில் கோடகநல்லூரில் இருந்த சுந்தர சுவாமிகள் அவருடைய குரு.

மதுரையை விட்டுத் தெற்கே வந்த பாண்டியன் என்பதும் வெறும் கதை இல்லை. நம்ம ஊர்க் கோயிலே அதற்குச் சாட்சி. 14-ம் நூற்றாண்டுப் படையெடுப்புகளுக்கும் விஜயநகர ஆட்சிக்கும் பிறகு மதுரை கையை விட்டுப் போய், பாண்டியர்கள் தென்காசிப் பக்கம் ஒதுங்கினார்கள். அந்த வழியில் வந்த பராக்கிரம பாண்டியன் 1446-ல் காசி விசுவநாதர் கோயில் வேலையைத் தொடங்கினான். அவன் பெயரில் கோயிலில் வெட்டியிருக்கும் பாட்டுகளில் ஒன்றின் கருத்து இது: இந்தக் கோயிலுக்கு என்றைக்காவது ஏதாவது குறை வந்தால், அதைச் சரி செய்து காப்பாற்றுகிறவர்கள் யாராக இருந்தாலும் அவர்களை இப்போதே பணிகிறேன்.

மனோன்மணீயத்தை முடித்த மறுநாள் காலையில் கோயிலுக்குப் போனேன். ஜீவகனும் மதுரையை விட்டு வந்தவன், இவனும் மதுரையை இழந்த வம்சம். அவன் சுவர் எழுப்பி உள்ளே உட்கார்ந்தான். இவன் கல்லில் வெட்டி, முகம் தெரியாதவர்களிடம், பிறக்காதவர்களிடம் கூடப் பேசுகிறான். என்னால் முடியாமல் போகலாம், நீ வந்து பார்த்துக்கொள் என்று ஒரு ராஜா கேட்கிறான். கோபுர வேலையை அவனால் முடிக்க முடியவில்லை, தம்பி குலசேகரன் முடித்தான்.

நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அந்த ராஜகோபுரம் கிடையாது. அடிப்பகுதி ரெண்டாகப் பிளந்து மொட்டையாக நின்றது. நடுவில் வானம் தெரியும். கோபுரம் என்றாலே அப்படித்தான் இருக்கும் என்று நினைத்திருந்தேன். 1990-ல் ஒன்பது நிலையும் எழும்பிக் கும்பாபிஷேகம் நடந்தது. எனக்கு அப்போது 11 வயது, கூட்டத்தில் அப்பா தோளில் ஏற முடியாத அளவுக்கு வளர்ந்துவிட்டேன் என்று அழுதது ஞாபகம் இருக்கிறது. திருநெல்வேலியில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் தொடங்கியதும் அதே 1990-ல்தான்.

சாயந்தரம் ஐயாவிடம் போய், படித்துவிட்டேன் என்றேன். 1942-ல் மாடர்ன் தியேட்டர்ஸ் இதைப் படமாக எடுத்ததையும், பி.யு. சின்னப்பாவும் டி.ஆர். ராஜகுமாரியும் நடித்ததையும் அவர்தான் சொன்னார். இந்தக் கதைக்கு அவ்வளவு பெரிய செட் எதற்கு, அந்த ஜெர்மன் நாடகங்கள் மாதிரி மூன்று அறை போதுமே என்று ஆரம்பித்தேன். ராஜா உட்காரும் அறை, பூட்டின பூசை அறை, நடுவில் குடிலன் நிற்கிற நடை. வெளியே நடக்கிற போரைக் காட்டவே கூடாது, ராஜாவுக்குத் தெரிகிறது மட்டும்தான் பார்க்கிறவனுக்கும் தெரியணும் என்றேன். ஐயா கேட்டுக்கொண்டிருந்தார்.

“அப்ப பாக்குறவன் குடிலன நல்லவன்னு நெனச்சிருவானே வே?”

“ஆமா ஐயா. கடைசி வரைக்கும்.”

கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம் எழுந்து உள்ளே போய், பழுப்பேறிய ஒரு பிரதியை எடுத்து வந்து கையில் கொடுத்தார். முதல் அங்கத்தில் முனிவர் கோட்டையைப் பார்க்க வருகிற இடத்தில் பென்சிலால் கோடு போட்டிருந்தது. திருப்பிக் கொடுக்கணும் என்று ரெண்டு தடவை சொன்னார்.